டி.எஸ்.பி. புத்தகத்தில் நூறாம் பக்கத்தைத் தாண்டுவது எப்படி?

பெங்களூர் அவென்யூ ரோட்டில் பழைய இன்ஜினியரிங் புத்தகம் விற்கும் கடை ஒன்றில் நின்று, தடிமனான டிஜிட்டல் சிக்னல் ப்ராசஸிங் (டி.எஸ்.பி., சத்தம் போன்ற சிக்னல்களை எண்களாக்கிக் கையாளும் பாடம்) புத்தகம் ஏதாவது ஒன்றைக் கையில் வாங்குங்கள். திறக்க வேண்டாம், பக்கவாட்டில் பாருங்கள். ஏறக்குறைய முதல் நூறு பக்கத்தின் விளிம்பு விரல் பட்டுப் பட்டுக் கறுத்திருக்கும். அதற்கப்புறம் நேற்று அச்சடித்தது போல வெள்ளை வெளேரென்று இருக்கும். நான் பார்த்த பிரதிகளில் முக்கால்வாசி இப்படித்தான். கறுப்பு முடிகிற இடத்தில் விரலை விட்டுத் திறந்தால் இசட் டிரான்ஸ்ஃபார்ம் என்ற அத்தியாயம்!

எனக்கு ஊர் விருதுநகர். பெங்களூருக்கு வந்து எட்டு வருஷமாகிறது, வேலை ஆடியோ சம்பந்தப்பட்டது. பி.டி.எம். லேஅவுட்டில் நான் இருக்கும் பி.ஜி.யில் பக்கத்துக் கட்டில் கரூர்ப் பொண்ணுக்கு. இங்கேயே ஒரு காலேஜில் இ.சி.இ. மூன்றாம் வருஷம் படிக்கிறாள். போன செமஸ்டரில் ஒரு ராத்திரி புத்தகத்தை மூடி அதன்மேல் லேப்டாப்பை வைத்துவிட்டு, "அக்கா, ஒண்ணுமே ஏற மாட்டேங்குது. ஃபார்முலாவை மனப்பாடம் பண்ணி எழுதிரவா?" என்றாள். எழுதலாம், பாஸும் ஆகலாம். ஆனால் அடுத்த வருஷம் இன்டர்வியூவில் "இந்த ஃபில்டர் ஏன் கத்துகிறது?" என்று கேட்டால் மனப்பாடம் வாய் திறக்காது.

அவளோடு உட்கார்ந்து அந்தப் புத்தகத்தை முடித்த வழிதான் கீழே இருப்பது. இந்தப் பாடத்தைக் கண்ணால் மட்டும் படிக்க முடியாது. ஒவ்வொரு அத்தியாயத்திலும் கையால் போட்டுப் பார்க்க ஒரு சின்னக் கணக்கும், காதால் கேட்க ஒரு சத்தமும் இருக்கிறது. அந்த இரண்டையும் செய்யாமல் பக்கம் புரட்டினால் நூறாம் பக்கத்தில் மூச்சு முட்டும்.

எந்தப் புத்தகம், எங்கே

உங்கள் சிலபஸில் பெரும்பாலும் இரண்டு பெயர்கள் இருக்கும்: ஓப்பன்ஹைம்–ஷேஃபர், ப்ரோக்கிஸ்–மனோலாகிஸ். ஒன்று போதும், இரண்டையும் வாங்காதீர்கள். ஓப்பன்ஹைம் ஏன், எதற்கு என்று நிதானமாகப் பேசும். ப்ரோக்கிஸில் தீர்த்துக்காட்டிய கணக்குகள் அதிகம், பரீட்சைக்குக் கை கொடுக்கும். தனியாகப் படிப்பவர்களுக்கு நான் ப்ரோக்கிஸைத்தான் சொல்வேன்.

ஓப்பன்ஹைம் வாங்கப் போகிறவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. அவர் பெயரில் 'சிக்னல்ஸ் அண்ட் சிஸ்டம்ஸ்' என்று இன்னொரு புத்தகம் உண்டு. அது இதற்கு முந்தின பாடம். நமக்கு வேண்டியது 1989இல் முதல் பதிப்பு வந்த 'டிஸ்க்ரீட்-டைம் சிக்னல் ப்ராசஸிங்'. அவசரத்தில் மாற்றி வாங்கிவந்து முழிப்பவர்கள் வருஷத்துக்கு நாலு பேராவது உண்டு.

பழைய பதிப்பு பற்றிக் கவலை வேண்டாம், அடிப்படை எதுவும் மாறிவிடவில்லை. மெட்ரோவில் பச்சை லைனில் சிக்பேட்டில் இறங்கினால் அவென்யூ ரோடு நடக்கிற தூரம்தான். "எஷ்டு?" என்று விலை கேட்டு, "ஸ்வல்ப கம்மி மாடி" என்று ஒரு தடவையாவது சொல்லிப் பாருங்கள். பல கடைக்காரர்கள் தமிழிலேயே பதில் சொல்வார்கள். காசு கொடுப்பதற்கு முன் இசட் டிரான்ஸ்ஃபார்ம் அட்டவணைப் பக்கம் இருக்கிறதா என்று பாருங்கள். முழுப் புத்தகமும் புதுசாக இருந்து அந்த ஒரு தாளை மட்டும் யாரோ கிழித்துக்கொண்டு போயிருப்பார்கள்.

தொடங்குமுன் இரண்டு நாள்

கலப்பெண்ணும் பெருக்குத் தொடரும் துருப்பிடித்திருந்தால் முதலில் அவற்றைத் தேய்த்து எடுங்கள். 1, 0.9, 0.81 என்று முடிவில்லாமல் போகும் தொடரின் கூட்டுத்தொகை 10 என்பது யோசிக்காமல் வர வேண்டும். ஒன்றை, ஒன்றிலிருந்து 0.9 போக மீதியால் வகுத்தால் பத்து. இசட் டிரான்ஸ்ஃபார்மில் முக்கால் பங்கு இந்த ஒரு வரிதான். கூடவே கோசைன், சைன் இரண்டையும் சேர்த்து ஒரே சுழலும் அம்பாகப் பார்க்கும் ஆய்லர் சூத்திரம். ப்ளஸ் டூ புத்தகமே போதும்.

கன்வல்யூஷன்: கோயில் மணி

முதல் அத்தியாயம் முன்னுரை. படுத்துக்கொண்டே படிக்கலாம். இரண்டாவதில்தான் கன்வல்யூஷன் வரும். புத்தகம் 'புரட்டு, நகர்த்து, பெருக்கு, கூட்டு' என்று சொல்லும். ஏன் புரட்ட வேண்டும் என்று கேட்டால் வகுப்பில் பதில் கிடைப்பது அபூர்வம்.

அல்சூர் சோமேஸ்வரர் கோயில் மணியை ஒரு தட்டு தட்டுகிறீர்கள் என்று வையுங்கள். அந்த நொடியில் சத்தம் 4, அடுத்த நொடி 2, அதற்கடுத்து 1, பிறகு அடங்கிவிடுகிறது. இந்த 4, 2, 1தான் மணியின் சுபாவம். புத்தகத்தில் இதற்குப் பெயர் இம்பல்ஸ் ரெஸ்பான்ஸ். இப்போது ஒரு குழந்தை அடுத்தடுத்த மூன்று நொடிகளில் 1, 2, 3 என்று பலம் கூட்டித் தட்டுகிறது. காதில் என்ன விழும்? கோடு போட்ட தாளில் ஒவ்வொரு தட்டின் ரீங்காரத்தையும் ஒரு நொடி தள்ளித் தள்ளி எழுதுங்கள்.

முதல் தட்டு: 4, 2, 1
இரண்டாம் தட்டு, ஒரு கட்டம் தள்ளி: 8, 4, 2
மூன்றாம் தட்டு, இரண்டு கட்டம் தள்ளி: 12, 6, 3

மேலிருந்து கீழாகக் கூட்டினால் 4, 10, 17, 8, 3. அவ்வளவுதான் கன்வல்யூஷன். மூன்றாம் நொடியில் வந்த 17ஐ மட்டும் பிரித்துப் பாருங்கள்: முதலில் தட்டியதன் கடைசி ரீங்காரம் 1, நடுவில் தட்டியதன் நடு ரீங்காரம் 4, இப்போது தட்டியதன் முதல் சத்தம் 12. பழைய தட்டுக்கு வால், புதிய தட்டுக்குத் தலை. இந்தத் தலைகீழ் ஜோடிதான் 'புரட்டு' என்ற சொல்லுக்குப் பின்னால் இருப்பது. இதைப் போட்டுக் காட்டியதும் கரூர்ப் பொண்ணு, "இவ்வளவுதானாக்கா? இதுக்கா நாலு பக்கம் படம்?" என்றாள்.

பரீட்சைக்கு உதவும் ஒரு சரிபார்ப்பு: தட்டுகளின் கூட்டு 6, மணியின் கூட்டு 7, விடையின் கூட்டு 42 வர வேண்டும். 4, 10, 17, 8, 3ஐக் கூட்டினால் 42. கூட்டு ஒத்துவராவிட்டால் எங்கோ இடறியிருக்கிறீர்கள்.

வரிசையை மாற்றுங்கள்

இரண்டாம் அத்தியாயம் முடிந்ததும் இசட் டிரான்ஸ்ஃபார்முக்குப் போகாதீர்கள். சத்தத்தை நொடிக்கு இத்தனை எண் என்று அளந்தெடுக்கும் சாம்பிளிங் அத்தியாயத்துக்குத் தாவுங்கள். ஓப்பன்ஹைமில் அது நாலாவது, ப்ரோக்கிஸின் நாலாம் பதிப்பில் ஆறாவது. இடையில் வரும் ஃபூரியே பகுதியை, எந்தச் சத்தத்தையும் பல கோசைன்களாகப் பிரிக்கலாம் என்ற அளவுக்கு மேலோட்டமாகப் பார்த்துவிட்டுப் போனால் போதும். இது பேராசிரியர்களுக்குப் பிடிக்காது. ஆனால் காதுக்கு வேலை வருகிற முதல் இடம் அதுதான்.

போனில் யாருக்காவது ஈமெயில் முகவரி சொல்லியிருக்கிறீர்களா? "எஸ்ஸா, எஃப்பா?" என்று கேட்பார்கள். நாம் "எஸ், சிவகாசிக்கு வர்ற எஸ்" என்போம். எஸ்ஸின் சீறலில் பெரும்பகுதி 4000 ஹெர்ட்ஸுக்கு மேலே இருக்கிறது. பழைய தொலைபேசி வழியோ 300 முதல் 3400 ஹெர்ட்ஸ் வரைதான் விடும். அந்தக் குரலை எண்ணாக்கும்போது நொடிக்கு 8000 சாம்பிள், சாம்பிளுக்கு 8 பிட், ஆக நொடிக்கு 64,000 பிட். 8000 சாம்பிள் எடுத்தால் அதில் பாதியான 4000 ஹெர்ட்ஸுக்குக் கீழே உள்ளதைத்தான் நம்ப முடியும். நைக்விஸ்ட் பெயரைச் சொல்லிப் புத்தகம் நிரூபிப்பது இதைத்தான். சி.டி.யில் நொடிக்கு 40,000க்கு மேல், 44,100 என்று வைத்ததும் 20,000 ஹெர்ட்ஸ் வரை கேட்கும் நம் காதை முன்னிட்டுத்தான்.

இப்போது லேப்டாப்பைத் திறங்கள். கணக்குப் போடும் மென்பொருளான மேட்லேப் இல்லாவிட்டால் ஆக்டேவ் இலவசம், பைத்தானும் சரி. நொடிக்கு 48,000 சாம்பிள் வீதம் 5000 ஹெர்ட்ஸ் கோசைன் ஒன்றை உருவாக்குங்கள். அதில் ஆறுக்கு ஒன்றாகப் பொறுக்கி எடுத்தால் நொடிக்கு 8000 சாம்பிள் ஆகிவிடும். அதை ஹெட்போனில் கேளுங்கள். பிறகு நேராக 8000 வீதத்தில் 3000 ஹெர்ட்ஸ் கோசைன் செய்து அதையும் கேளுங்கள். இரண்டும் ஒன்றே, துளி வித்தியாசம் இருக்காது. 5000 ஆனது 3000 வேஷம் போட்டுக்கொண்டு வந்திருக்கிறது, இதுதான் அலியாஸிங். இரண்டின் முதல் நாலு எண்களை அச்சிட்டுப் பாருங்கள்: 1, −0.707, 0, 0.707. இரண்டு பட்டியலிலும் அதே எண்கள். கண்ணும் காதும் சேர்ந்து ஒத்துக்கொண்டபின் தேற்றத்தின் நிரூபணத்தைப் படித்தால் அது பழகிய ஆள் மாதிரி இருக்கும்.

ஆடாசிட்டி போன்ற மென்பொருளில் 'ரீசாம்பிள்' கொடுத்து இதைச் செய்யாதீர்கள். அது முதலில் 4000க்கு மேலுள்ளதை வடிகட்டிவிட்டுத்தான் சாம்பிளைக் குறைக்கும், உங்களுக்குக் கேட்பது மௌனம் மட்டுமே. கையால் பொறுக்கினால்தான் திருடன் அகப்படுவான்.

இப்போது இசட்

வெள்ளைப் பக்கங்களுக்கு வந்துவிட்டோம். ஒரு கடன் கணக்கு எழுதுங்கள்: இந்த மாத பாக்கி = புதிதாக வாங்கியது + 1.1 × போன மாத பாக்கி. ஒரே ஒரு தடவை ஒரு ரூபாய் வாங்கிவிட்டு நிறுத்திக்கொள்ளுங்கள். 1, 1.1, 1.21... எட்டு மாதம் கழித்து இரண்டு ரூபாயைத் தாண்டிவிடும், பிறகு ஓயாது. நம்மூரில் கந்துவட்டிக்காரரிடம் மாட்டியவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. 1.1க்குப் பதில் 0.9 போடுங்கள். 1, 0.9, 0.81, 0.729 என்று இறங்கி, ஏழு மாதம் கழித்துப் பாதிக்குக் கீழே வந்து மெல்ல மறைந்துவிடும்.

அந்த 1.1, 0.9 இரண்டையும்தான் புத்தகம் 'போல்' (pole) என்கிறது. ஒன்று என்ற ஆரமுள்ள வட்டத்துக்குள் போல் இருந்தால் கணக்கு அடங்கும், வெளியே போனால் வெடிக்கும். கோயில் திருவிழாவில் மைக்கை ஸ்பீக்கர் பக்கம் கொண்டுபோனதும் 'ஊஊ' என்று கத்துமே, அதுவும் வட்டத்தைத் தாண்டிய ஒரு போல்தான். இசட் டிரான்ஸ்ஃபார்ம் என்பது இந்த வட்டியையெல்லாம் ஒரே படத்தில் புள்ளியாகக் குறிக்கும் வசதி. ரீஜன் ஆஃப் கன்வர்ஜென்ஸ் (தொடரின் கூட்டுத்தொகை ஒரு விடைக்கு வந்து நிற்கும் பகுதி) உங்களைப் படுத்தினால் இதை மட்டும் நினைவில் வையுங்கள்: ஒரே சூத்திரத்துக்கு எதிர்காலம் நோக்கி ஓடும் வரிசை ஒன்றும் கடந்தகாலம் நோக்கி ஓடும் வரிசை ஒன்றும் விடையாக இருக்க முடியும். எது நம்முடையது என்று சொல்லத்தான் அந்த ரீஜன். இன்வர்ஸ் கண்டுபிடிக்கப் பார்ஷியல் ஃப்ராக்ஷன் ஒன்றே போதும், மற்ற முறைகளைக் கேள்வித்தாள் கேட்டால் பார்த்துக்கொள்ளலாம்.

டி.எஃப்.டி., எஃப்.எஃப்.டி.

டி.எஃப்.டி. என்பது ஒரு சாம்பிள் வரிசையில் எந்த அதிர்வெண் எவ்வளவு இருக்கிறது என்று பிரித்துக்காட்டும் கணக்கு, எஃப்.எஃப்.டி. அதையே வேகமாகப் போடும் முறை. 1, 2, 3, 4 என்ற நாலு எண்ணுக்கு டி.எஃப்.டி.யைக் கையால் போடுங்கள். விடை 10, −2+2ஜே, −2, −2−2ஜே (ஜே என்பது −1இன் வர்க்கமூலம்). முதலாவது வெறும் கூட்டுத்தொகை. இரண்டாவதும் நாலாவதும் கண்ணாடிப் பிம்பம். இது வராமல் எஃப்.எஃப்.டி.யின் எட்டுப் புள்ளி பட்டர்ஃப்ளை படத்துக்குப் போகவே கூடாது. 1024 புள்ளிக்கு நேரடியாகப் போட்டால் 10,48,576 பெருக்கல், எஃப்.எஃப்.டி.யில் 5120. கூலியும் டூக்கியும் 1965இல் இதை வெளியிட்டார்கள். இதே தந்திரத்தை 1805 வாக்கிலேயே காஸ் எழுதிவைத்திருந்தார். அது அச்சேறியது அவர் இறந்தபின், அதுவும் லத்தீனில், அதனால் யார் கண்ணிலும் படவில்லை.

இங்கே எல்லோரும் விழும் குழி, வட்டக் கன்வல்யூஷன். நம் மணிக் கணக்கையே மூன்று புள்ளி டி.எஃப்.டி. வழியாகப் போட்டால் 12, 13, 17 வரும். 4, 10, 17, 8, 3இன் வாலில் இருந்த 8உம் 3உம் சுற்றிக்கொண்டுபோய்த் தலையில் உட்கார்ந்துவிட்டன. மூன்றும் மூன்றும் ஆறு, அதில் ஒன்று போக ஐந்து. அந்த ஐந்து புள்ளிக்குக் குறையாமல் பூஜ்யம் சேர்த்தால்தான் உண்மையான விடை வரும்.

பூஜ்யம் சேர்ப்பதால் வேறொரு மயக்கமும் வரும். 8000 சாம்பிள் வீதத்தில் 440, 450 ஹெர்ட்ஸ் இரண்டையும் பிரித்துப் பார்க்க ஏறக்குறைய 800 சாம்பிளாவது, அதாவது பத்தில் ஒரு நொடியாவது, கேட்டிருக்க வேண்டும். 200 சாம்பிளை வைத்துக்கொண்டு பூஜ்யத்தை எவ்வளவு கொட்டினாலும் கோடு வழவழப்பாகுமே தவிர இரண்டாகப் பிரியாது. சாம்பாரில் தண்ணீர் ஊற்றிப் பருப்பைக் கூட்ட முடியுமா?

எங்கள் பி.ஜி. சமையலறைக் குக்கர் விசிலை போனில் பதிந்து ஸ்பெக்ட்ரோகிராம் (எந்த நேரத்தில் எந்த அதிர்வெண் என்று காட்டும் படம்) போட்டுப் பார்த்தோம். விசில் பளிச்சென்ற கோடாகவும், ஆவியின் சீறல் மூடுபனி போலவும் தெரிந்தது. விண்டோவை, அதாவது சாம்பிள் துண்டைப் பெருக்கும் எடை வரிசையை, மாற்றி மாற்றிப் போட்டபோதுதான் அந்த அத்தியாயமே அவளுக்குத் திறந்தது. ரெக்டாங்குலரில் பக்க மேடு 13 டெசிபெல்தான் கீழே இருக்கும், கோட்டுக்கு இரண்டு பக்கமும் அழுக்கு வழியும். ஹாமிங் போட்டால் மேடுகள் 40 டெசிபெலுக்கும் கீழே போய்விடும், பதிலுக்குக் கோடு தடிக்கும்.

ஃபில்டர் டிசைன்: அடையாளக் குறிகளில் கவனம்

ஃபில்டர் என்றால் வேண்டாத அதிர்வெண்ணை வடிகட்டும் கணக்கு. எஃப்.ஐ.ஆர். (இம்பல்ஸ் ரெஸ்பான்ஸ் முடிந்துபோவது), ஐ.ஐ.ஆர். (முடியாமல் நீள்வது) முறைகளைப் புத்தகத்தில் உள்ளபடியே போகலாம், அங்கே புதிர் ஒன்றும் இல்லை. ஆபத்து புத்தகத்திலிருந்து கம்ப்யூட்டருக்குத் தாவும் இடத்தில்தான்.

முதலாவது, அதிர்வெண். 8000 சாம்பிளில் 1000 ஹெர்ட்ஸ் வெட்டு என்றால் பல புத்தகங்கள் 8000ஆல் வகுத்து 0.125 என்று எழுதும். மேட்லேப் 4000ஆல் வகுத்து 0.25 எதிர்பார்க்கும். புத்தக எண்ணை அப்படியே கொடுத்தால் ஃபில்டர் 500இல் வெட்டும். எரர் எதுவும் வராது, அதுதான் மோசம்.

இரண்டாவது, கழித்தல் குறி. சில புத்தகங்கள் ஃபீட்பேக் எண்களை (பழைய வெளியீட்டைப் பெருக்கும் எண்களை) சமன்பாட்டின் வலப்பக்கத்தில் கூட்டலாக எழுதும், சில கழித்தலாக. ஓப்பன்ஹைமும் ப்ரோக்கிஸும் ஃபில்டர் அமைப்புகளை எழுதும்போது இதில் ஒத்துப்போவதில்லை. நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில் இப்படி ஒன்றை மாற்றி எழுதினேன். இருக்க வேண்டியது: வெளியீடு = உள்ளீடு + 1.6 × முந்தையது − 0.81 × அதற்கு முந்தையது. அதன் வரிசை 1, 1.6, 1.75, 1.504 என்று கொஞ்சம் ஏறி இறங்கி அடங்கும். நான் இரண்டு குறியையும் மாற்றிப்போட்டேன். 1, −1.6, 3.37, −6.688... ஒவ்வொரு அடிக்கும் இரட்டிப்பு. இருபது சாம்பிளில் ஒன்பது லட்சம்! ஹெட்போனைக் காதில் வைத்திருந்தேன். அந்த 'டப்' சத்தத்துக்கப்புறம் பத்து நிமிஷம் வலது காதில் ரீங்காரம். அன்றிலிருந்து எந்த ஃபில்டரையும் முதலில் ஒரு 1உம் பின்னால் பூஜ்யங்களும் கொடுத்து, இருபது எண்ணைக் கண்ணால் பார்த்தபிறகுதான் காதுக்குக் கொண்டுபோகிறேன். நீங்களும் அப்படியே செய்யுங்கள், ஹெட்போனைக் கழற்றிவிட்டு.

பரீட்சை

இங்குள்ள விஸ்வேஸ்வரய்யா தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தின் (வி.டி.யு.) கேள்வித்தாளில் ஐந்து மாட்யூல், ஒவ்வொன்றிலும் இரண்டில் ஒரு முழுக் கேள்வி. அதனால் ஒரு மாட்யூலை மொத்தமாக விட முடியாது. பழைய கேள்வித்தாள் ஐந்தை எடுத்து டி.எஃப்.டி. பண்புகள், எட்டுப் புள்ளி எஃப்.எஃப்.டி., பைலீனியர் (அனலாக் ஃபில்டரை டிஜிட்டலாக மாற்றும் முறை) மூன்றையும் நேரம் வைத்துப் போடுங்கள். ஊரில் 'அரியர்' என்போம், இங்கே 'பேக்'. பெயர் எதுவானாலும் ஃபீஸ் உண்டு. வகுப்பு புரியவில்லை என்றால் ஐ.ஐ.டி. பாடங்கள் இலவசமாகக் கிடைக்கும் என்.பி.டி.இ.எல். தளத்தில் டெல்லி ஐ.ஐ.டி. பேராசிரியர் எஸ்.சி. தத்தா ராயின் டி.எஸ்.பி. விரிவுரைகள் இருக்கின்றன. கரும்பலகையில் எழுதி, அவசரமே இல்லாமல் போவார்.

அதற்கப்புறம்

டெக்ஸாஸ் இன்ஸ்ட்ருமென்ட்ஸ் 1985இல் இங்கே கடை போட்டதிலிருந்து டி.எஸ்.பி. வேலைக்குப் பெங்களூரில் பஞ்சமில்லை. ஆனால் இன்டர்வியூவில் கேட்பது புத்தகத்தின் நடுவில் சின்னதாக வரும் ஃபிக்ஸட்-பாயிண்ட் பகுதியை, அதாவது எண்களை இத்தனை பிட்டுக்குள் அடக்குவதைப் பற்றியதை. 16 பிட்டில் அதிகபட்சம் 32,767. அதோடு ஒன்று கூட்டினால் −32,768. பாட்டின் உச்சத்தில் 'டக்' என்று கேட்கும் சத்தம் அது. இதைக் கம்ப்யூட்டரில் பார்ப்பதைவிட ஒரு சின்ன போர்டில் பார்ப்பது நல்லது. எலெக்ட்ரானிக்ஸ் கடைகள் நிறைந்த எஸ்.பி. ரோட்டில் இ.எஸ்.பி.32 என்ற மைக்ரோகண்ட்ரோலர் போர்டு ஒன்றும் ஐ2எஸ் மைக் (சத்தத்தை எண்ணாகவே தரும் மைக்) ஒன்றும் கேளுங்கள். மைக்கின் பின்களைச் சால்டர் செய்து தரச் சொல்லுங்கள், சில கடைகளில் அங்கேயே செய்துகொடுப்பார்கள். ஞாயிற்றுக்கிழமை பெரும்பாலான கடைகளுக்குப் பூட்டு. அதனால் சனிக்கிழமை மதியத்துக்குள் போய்விடுங்கள். அவென்யூ ரோட்டிலிருந்து நடந்தே போகலாம், புத்தகத்தை மட்டும் பையில் போட்டுக்கொள்ளுங்கள், கனம் கையை இழுக்கும்.